அனயா, ஆரவ், ஆதிரை: பெயரின் பொருளை நாமே எப்படிச் சரிபார்ப்பது?

கேள்வி இதுதான்: பிறக்கப்போகும் குழந்தை பெண் என்றால் அனயா, பையன் என்றால் ஆரவ் என்று கணவனும் மனைவியும் யோசித்து வைத்திருக்கிறார்கள். பாட்டிக்கு ஆதிரை என்ற பெயர் மேல் ஆசை. அனயாவுக்கு ஓர் இணையதளம் "அக்கறை" என்கிறது, இன்னொன்று "கடவுள் பதில் தந்தார்" என்கிறது, மூன்றாவது "தனக்கு மேல் யாரும் இல்லாதவள்" என்கிறது. எது சரி? அதை நாமே எப்படித் தெரிந்துகொள்வது?

அனயாவிலிருந்தே ஆரம்பிக்கிறேன். இந்த ஒரு பெயரை வைத்தே பாதி விஷயத்தைச் சொல்லிவிடலாம்.

அந்தத் தளங்கள் மூன்றும் மூன்று வேறு வேறு பெயர்களைப் பற்றிப் பேசுகின்றன. அக்கறை, பராமரிப்பு என்ற பொருள் அரபுச் சொல்லுக்கு உரியது. அது இகரத்தில் தொடங்கி நடுவில் நெடிலோடு வரும்: இனாயா. "கடவுள் பதில் தந்தார்" என்பது எபிரேயம். பைபிளின் நெகேமியா புத்தகத்தில், எஸ்றா திருச்சட்ட நூலை வாசிக்கும்போது அவர் பக்கத்தில் நின்றவர்களில் ஒருவருடைய பெயர் அது. அவர் ஓர் ஆண். மூன்றாவது, சமஸ்கிருதம் என்று சொல்லப்படுவது. மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத அகராதியில் 'அனய' என்று தேடினால் கிடைப்பது தீய நடத்தை, தவறான போக்கு, கேடு, சூதாட்டத்தில் வரும் துரதிர்ஷ்டம். 'நய' என்றால் நல்ல நடத்தை, விவேகம். முன்னால் அகரம் சேர்ந்ததும் அது இல்லை என்றாகிவிடுகிறது. "தனக்கு மேல் யாரும் இல்லாதவள்" என்பதை அங்கே காணோம்.

பயப்பட வேண்டாம். பெயரைக் கைவிடச் சொல்ல நான் இதை எழுதவில்லை. பொருளைத் தேடுவதற்கு முன்னால் இரண்டு விஷயங்களைப் பிடித்துவிட வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்: இது எந்த மொழிப் பெயர், அந்த மொழியின் எழுத்தில் இதை எப்படி எழுதுகிறார்கள். இவை இரண்டும் தெரியாமல் "இதற்கு என்ன பொருள்" என்று கேட்டால் யார் எதைச் சொன்னாலும் நம்ப வேண்டியதுதான்.

பெயர்த் தளங்கள் ஏன் இப்படி இருக்கின்றன என்பதற்குப் பெரிய மர்மம் எதுவும் இல்லை. ஒன்றைப் பார்த்து இன்னொன்று எழுதுகிறது. பத்துத் தளங்கள் ஒரே பொருளைச் சொன்னால் பத்துச் சாட்சிகள் கிடைத்துவிட்டதாக நினைக்கிறோம். பெரும்பாலும் அது ஒரே சாட்சியின் பத்து நகல். கண்டுபிடிப்பதும் சுலபம்: வரி மாறாமல் அதே சொற்றொடர், அதே எழுத்துப்பிழை, "பெயர் கொண்டவர்கள் தலைமைப் பண்பு உள்ளவர்கள்" என்று அதே வால். மொழி என்ற இடத்தில் "இந்தியப் பெயர்" என்று போட்டிருந்தால் அந்தப் பக்கத்தை மூடிவிடலாம். இந்தியம் என்று ஒரு மொழி கிடையாது. "செல்டிக்", "ஆப்பிரிக்க" என்று போடுவதும் இதே ரகம்.

இன்னொரு குறை, எல்லாவற்றையும் இனிப்பாக்கிவிடுவது. பெற்றோருக்குப் பிடிக்காத பொருளைப் போட்டால் யார் படிப்பார்கள்? ஆனால் பெயர்கள் அப்படிப் பிறந்தவை அல்ல. ரோமானியக் குடும்பப் பெயர்களில் பல, முன்னோர் ஒருவரின் உடற்குறையையோ தொழிலையோ சுட்டிய பட்டப்பெயர்கள். கிளாடியாவின் வேரில் இருப்பது கால் ஊனத்தைக் குறிக்கும் லத்தீன் சொல். சிசிலியாவின் வேரில் பார்வையின்மை. போர்ஷியா என்ற அழகான பெயர் வந்த போர்கியஸ் குலத்தின் பெயரில் பன்றி இருக்கிறது. கேமரன் என்பது ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் வளைந்த மூக்கு. இந்தப் பெயர்களுக்கு நேராக "ஒளி", "வலிமை", "கடவுளின் பரிசு" என்று யாராவது எழுதியிருந்தால், அவர் அகராதியைத் திறக்கவில்லை. பொருள் ரொம்ப அழகாக இருந்தாலே எனக்கு முதலில் வருவது சந்தேகம்தான்.

இப்போது மூல எழுத்து. நான் கொஞ்ச நேரம் நிற்க விரும்பும் இடம் இதுதான். தமிழில் பெயர் பார்ப்பவர்களுக்கு இது இரட்டைத் தலைவலி. நம் எழுத்தில் க, ச, ட, த, ப ஒவ்வொன்றுக்கும் ஒரே வடிவம். தமிழ்ச் சொற்களுக்கு அது தாராளமாகப் போதும். எங்கே அழுத்தி ஒலிப்பது, எங்கே மெலிதாக ஒலிப்பது என்பது இடத்தைப் பார்த்தாலே தெரிந்துவிடும். வெளியிலிருந்து வந்த பெயர்களுக்கு அது போதவில்லை.

பாலமுருகனையும் தனபாலனையும் எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டிலும் 'பால' இருக்கிறது. மூலத்தில் இரண்டும் வெவ்வேறு சொற்கள். முதலாவது, 'அன்பு' என்று சொல்லும்போது வருகிற மெல்லிய பகரம்; இளமை, பிள்ளைப் பருவம். இரண்டாவது, 'பாட்டு' என்பதில் வருகிற பகரம், காப்பவன். தனபாலன் செல்வத்தைக் காப்பவன், கோபாலன் பசுக்களைக் காப்பவன். தேவநாகரியில் இவை இரண்டு தனி எழுத்துகள், குழப்பமே கிடையாது. தமிழில் மட்டும் பார்த்துப் பட்டியல் எழுதுகிறவர் கோபாலனுக்குள் ஒரு குழந்தையையோ ஒரு சொம்புப் பாலையோ கண்டுபிடித்தால் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

தன்வி என்ற பெயரும் அப்படித்தான். தகரத்தை அழுத்திச் சொன்னால் கொடி போன்ற மெல்லிய உடல்வாகு கொண்டவள். மூச்சு சேர்ந்த மெல்லிய தகரமாகச் சொன்னால், அதாவது தனுசு என்பதன் முதலெழுத்தாக, வில்லாளி. சரவணன் என்பதற்கு "கேட்பவன்" என்று எழுதியிருந்தால், எழுதியவர் ஷ்ரவண் என்ற வேறு சொல்லைப் பார்த்துவிட்டார். சரவணம் என்பது நாணற்காடு. 'சர' நாணல், 'வணம்' காடு. முருகன் பிறந்ததாகச் சொல்லப்படும் இடம். ஷ்ரவணம் கேட்டல், காது. தமிழுக்கு வந்தபோது இரண்டும் ஒரே சகரத்தில் ஒண்டிக்கொண்டன.

எனக்கு மிகவும் பிடித்த எடுத்துக்காட்டு அமல். இதற்குள் குறைந்தது மூன்று பெயர்கள் இருக்கின்றன. சமஸ்கிருதத்தில் 'அமல' என்றால் மலம் இல்லாதது, மாசற்றது. அமலன், அமலா, கிறிஸ்தவர்கள் வைக்கும் அமலோற்பவம் எல்லாம் இந்த வழி. அரபியில் அமல் என்றால் நம்பிக்கை, எதிர்பார்ப்பு. அதே அரபியில் இன்னொரு அமல், செயல், வேலை. அரபு எழுத்தில் முதலாவது அலிஃபில் தொடங்கும், இரண்டாவது தொண்டையிலிருந்து வரும் ஐனில் தொடங்கும். அவர்கள் காதுக்கு அது மலைக்கும் மழைக்கும் உள்ள வித்தியாசம். நமக்கு இரண்டும் அகரம்தான். "புதிய சட்டம் அமலுக்கு வந்தது" என்று தினமும் செய்தியில் படிக்கிறோமே, அது அந்த இரண்டாவது அமல். ஆக, ஒருவர் மகனுக்கு அமல் என்று பெயர் வைத்துவிட்டு என்னிடம் பொருள் கேட்டால், நான் திருப்பிக் கேட்கிற ஒரே கேள்வி: எந்த அமல்?

மூல எழுத்தைக் கண்டுபிடிக்க ஒரு குறுக்குவழி உண்டு. அந்தப் பெயரில் பிரபலமான ஒருவரை எடுத்துக்கொண்டு, விக்கிப்பீடியாவில் அவருடைய பக்கத்தை இந்தியிலோ அரபியிலோ எபிரேயத்திலோ திறந்தால் பெயர் அந்த எழுத்தில் இருக்கும். அதை நகலெடுத்து அகராதியில் ஒட்டித் தேட வேண்டியதுதான். எழுத்து படிக்கத் தெரியாவிட்டாலும் இந்த வேலை நடக்கும்.

சரி, எந்த அகராதி? தமிழுக்கு முதலில் பார்க்க வேண்டியது சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன். 1924 முதல் 1936 வரை 6 தொகுதிகளாக வந்தது, பிறகு ஒரு பின்னிணைப்பும் சேர்ந்தது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள். சிகாகோ பல்கலைக்கழகத்தின் தெற்காசிய அகராதித் தளத்தில் காசில்லாமல் தேடலாம். பரோ, எமனோ இருவரும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியும் அங்கேயே இருக்கிறது. 1961-ல் வந்தது, 1984-ல் திருத்திய பதிப்பு. ஒரு சொல் தெலுங்கிலும் கன்னடத்திலும் மலையாளத்திலும் என்ன உருவத்தில் இருக்கிறது என்று அது காட்டும். முகிலன் என்ற பெயரை அதில் சோதித்தால் முகில், கன்னடத்தின் முகிலு, தெலுங்கின் மொகுலு என்று குடும்பம் மொத்தமாக வந்து நிற்கும். அதற்கு மேல் சந்தேகப்பட ஒன்றுமில்லை. சமஸ்கிருதத்துக்கு 1899-ல் வந்த மோனியர் வில்லியம்ஸ் பதிப்பு, ஜெர்மனியின் கொலோன் பல்கலைக்கழகத் தளத்தில் கிடைக்கிறது. பாரசீகத்துக்கு ஸ்டைன்காஸ், அரபிக்கு லேன் அல்லது ஹான்ஸ் வேர், எபிரேயத்துக்குப் பிரவுன், டிரைவர், பிரிக்ஸ்.

அரபு அகராதியைப் பெயரின் முதலெழுத்தை வைத்துத் திறந்தால் பல சமயம் ஏமாந்து போவீர்கள். அது வேரெழுத்து மூன்றின் வரிசையில் அடுக்கப்பட்டது. கரீம், அக்ரம், இக்ராம், முகர்ரம் எல்லாம் க-ர-ம என்ற ஒரே வேரின் கீழ், பெருந்தன்மை, மேன்மை என்ற பொருளில் இருக்கும். பாத்திமா என்ற பெயரை இப்படித் தேடினால் ஃப-த-ம என்ற வேரில், குழந்தைக்குத் தாய்ப்பாலை நிறுத்துதல் என்ற பொருள் வரும். தளங்கள் சில "கவர்பவள்" என்று போட்டிருக்கும். உலகம் முழுக்க அந்தப் பெயரை வைக்கிறவர்கள் நபிகளின் மகளை நினைத்துத்தான் வைக்கிறார்கள், வினைச்சொல்லை நினைத்து அல்ல. அதனால் அதன் பொருளை இனிப்பாக்க வேண்டிய தேவையே இல்லை.

அகராதியைத் திறந்தால் மட்டும் போதாது, படிக்கவும் தெரிய வேண்டும். ஒரு சொல்லுக்கு இருபது பொருள் இருக்கும். பெயர்த் தளம் எழுதுகிறவர் அதில் பதினேழாவதைப் பொறுக்கி எடுப்பார், அழகாக இருப்பதால். லெக்சிகனில் ஒவ்வொரு பொருளுக்குப் பக்கத்திலும் அடைப்புக்குறிக்குள் ஒரு சுருக்கம் இருக்கிறது பாருங்கள், அதுதான் முக்கியம். குறள், புறநா. என்று இருந்தால் அந்தப் பொருளில் யாரோ உண்மையில் பயன்படுத்தியிருக்கிறார்கள். பிங்., சூடா. என்று மட்டும் இருந்தால் பிங்கலம், சூடாமணி ஆகிய நிகண்டுகளில் மட்டும் பதிவாகியிருக்கிறது. நிகண்டு என்பது செய்யுள் எழுதுபவர்களுக்காகத் தொகுத்த சொற்களஞ்சியம். அதில் மட்டும் உள்ள பொருளைத் தவறு என்று தள்ளிவிட முடியாது. ஆனால் முதல் பொருள் என்று தூக்கி நிறுத்தவும் முடியாது.

இதோடு உங்கள் ஆரவ் வருகிறான். பல தளங்களில் "அமைதியானவன்" என்று இருக்கும். மோனியர் வில்லியம்ஸில் 'ஆரவ' என்று பாருங்கள்: கூச்சல், கதறல், ஓசை, இடிமுழக்கம். 'ரவ' என்றால் ஒலி. இரவு மூன்று மணிக்கு எழுப்பிவிடப் போகிற குழந்தைக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் கிடையாது என்று ஒருவர் சொன்னால் என்னால் மறுக்க முடியாது. உண்மையிலேயே அமைதி என்ற பொருள் வேண்டுமென்றால் அதே 'ரவ' சேர்ந்த இன்னொரு சொல் இருக்கிறது: நீரவ. ஒலியற்றது. நீரவ் என்று பெயரும் வைக்கிறார்கள்.

அப்படியானால் ஆரவ் என்று வைக்கக் கூடாதா? வைக்கலாம். ஓசை ஒன்றும் கெட்ட பொருள் இல்லையே, முழக்கம் என்று எடுத்துக்கொண்டால் கம்பீரமாகவே இருக்கிறது. "அமைதி" என்று அழைப்பிதழில் அச்சடிக்காமல் இருந்தால் போதும்.

அகராதியில் ஒரு சொல் இருப்பது ஒன்று, அது பெயராக வழங்கியது வேறொன்று. "பழங்காலப் பெயர்" என்ற அடைமொழியைப் பார்த்தால், எந்தக் காலம், யாருக்கு இருந்தது என்று கேளுங்கள். யாழ் மிகப் பழைய சொல். யாழினி என்பது அந்தச் சொல்லிலிருந்து நம் காலத்தில் எழுந்த பெயர். அழகான பெயர்தான், சங்ககாலப் பெண்பாற்புலவர் யாருக்கும் அது இருக்கவில்லை, அவ்வளவுதான். சோழர் காலத்துப் பெயர் என்று யாராவது சொன்னால் அதைச் சோதிக்கவும் வழி உண்டு: நொபொரு கராஷிமா, சுப்பராயலு, மட்சுய் மூவரும் சோழர் கல்வெட்டுகளில் வரும் ஆட்பெயர்களைத் தொகுத்து 1978-ல் வெளியிட்டார்கள். பெரிய நூலகங்களில் கேட்டுப் பார்க்கலாம். மேற்கத்தியப் பெயர் என்றால், அமெரிக்கச் சமூகப் பாதுகாப்புத் துறை 1880-லிருந்து ஒவ்வோர் ஆண்டும் பிறந்த குழந்தைகளின் பெயர்ப் பட்டியலை இணையத்தில் வைத்திருக்கிறது. தொன்மையான பெயர் என்று விளம்பரம் செய்யப்படுவது அந்தப் பட்டியலில் 1990 வரை எட்டியே பார்க்கவில்லை என்றால் ஏதோ இடிக்கிறது என்று அர்த்தம்.

எழுத்தாளர் உருவாக்கிய பெயர்களும் இப்படித்தான் மாட்டிக்கொள்கின்றன. வனெசா என்றால் கிரேக்கத்தில் வண்ணத்துப்பூச்சி என்று எங்கும் எழுதியிருப்பார்கள். அந்தப் பெயரைச் செய்தவர் ஜொனாதன் ஸ்விஃப்ட். எஸ்தர் வனோம்ரி என்ற தோழியின் குடும்பப் பெயரிலிருந்து 'வன்', எஸ்தர் என்பதன் செல்லப் பெயரிலிருந்து 'எசா'. அந்தப் பெயர் வரும் கவிதை 1726-ல் அச்சானது. ஃபாப்ரிசியஸ் என்ற பூச்சியியல் அறிஞர் 1807-ல்தான் ஒரு வண்ணத்துப்பூச்சிப் பேரினத்துக்கு வனெசா என்று பெயரிட்டார். பூச்சிக்குப் பெண்ணின் பெயர் போனது. தளங்கள் அதைத் தலைகீழாக்கிவிட்டன. எது முந்தியது என்று ஆண்டைப் பார்த்திருந்தாலே தெரிந்திருக்கும்.

ஒலி ஒற்றுமை இன்னும் பெரிய ஏமாற்றுக்காரன். கவின் என்றால் தமிழில் அழகு. கெவின் அயர்லாந்துப் பெயர், குவீவீன் என்பது போல ஒலிக்கும் ஐரிஷ் வடிவத்திலிருந்து வந்தது. அதன் முதற்பகுதிக்கும் அழகு, இனிமை என்றுதான் பொருள். ஒலியும் ஒன்று, பொருளும் ஒன்று! இருந்தும் இரண்டுக்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. உலகில் ஆயிரக்கணக்கான மொழிகள், ஒவ்வொன்றிலும் இரண்டு அசைச் சொற்கள் ஏராளம். எங்காவது இரண்டு முட்டிக்கொள்ளத்தான் செய்யும். "ஐரிஷ்காரர்கள் நம்மிடமிருந்து எடுத்துக்கொண்டார்கள்" என்று கிளம்புவதற்கு முன் இடையில் உள்ள பாதையைக் காட்டச் சொல்ல வேண்டும். கியான் என்ற பெயரும் அப்படியே: பாரசீகத்தில் அரசர்கள், ஐரிஷில் பழமையானது. பெற்றோர் எதை நினைத்து வைத்தார்களோ அதுதான் அந்தக் குழந்தையின் பெயருக்கு மூலம்.

வேறு மொழியில் இந்த ஒலிக்கு என்ன பொருள் என்று ஒரு தடவை பார்த்துவிடுவதும் நல்லது. ரியா என்று நிறைய பேர் வைக்கிறார்கள். ஐரோப்பாவில் அது மரியாவின் சுருக்கம், ஸ்பானிய மொழியில் கடலோடு கலக்கும் கழிமுகம். அரபியில் அதே போல ஒலிக்கும் ரியா என்ற சொல்லுக்கு, பிறர் பார்க்க வேண்டுமென்று பக்தியைக் காட்டிக்கொள்வது என்று பொருள். தெரிந்து வைத்தால் பிரச்சினை இல்லை.

ஒரு பெயரை இரண்டாகப் பிரித்து வாக்கியம் செய்வதும் பெரும்பாலும் ஆபத்து. சமஸ்கிருதக் கூட்டுப் பெயர்களில் அது நன்றாக வேலை செய்யும்: ரமேஷ் என்பது ரமாவின், அதாவது லட்சுமியின் ஈசன், தினேஷ் பகலின் ஈசன், சூரியன், ராகேஷ் முழுநிலவு நாளின் ஈசன். ஜெர்மானியப் பெயர்களில் இந்தக் கணக்கு செல்லாது. அங்கே தாயின் பெயரிலிருந்து ஒரு துண்டு, தந்தையின் பெயரிலிருந்து ஒரு துண்டு என்று எடுத்து ஒட்டுவதும் உண்டு. ஒட்டியதில் பொருள் வர வேண்டுமென்று யாரும் கவலைப்படவில்லை. ஹில்டகுண்ட் என்ற பெயரில் முதற்பாதியும் போர், பிற்பாதியும் போர்.

இனி கொஞ்சம் நுட்பமான விஷயம். ஒரு பெயருக்கு மரபு சொல்லும் பொருள் ஒன்று இருக்கும், மொழியியல் சொல்லும் மூலம் வேறாக இருக்கும். மோசே என்பதற்கு "தண்ணீரிலிருந்து எடுக்கப்பட்டவன்" என்று யாத்திராகமம் விளக்கம் தருகிறது. அது எபிரேயச் சொல் விளையாட்டு. அறிஞர்கள் பெரும்பாலோர் அது எகிப்தியச் சொல் என்கிறார்கள். ராம்சேஸ், தூத்மோஸ் என்ற அரசர் பெயர்களின் வாலில் இருக்கும் அதே "பிறந்தவன், மகன்". இதில் எது சரி என்று சண்டை போட வேண்டியதில்லை. "மரபில் இப்படி, மொழியியலில் இப்படி" என்று இரண்டையும் பிரித்துச் சொல்கிற பக்கத்தை நம்பலாம். ஒன்றை மற்றொன்றாகக் காட்டுகிற பக்கத்தை நம்ப வேண்டாம்.

மரியாளின் கதை இன்னும் சுவையானது. எபிரேய மிரியாம் என்ற பெயரின் மூலம் இன்றுவரை முடிவாகவில்லை. கசப்பு என்பார்கள், பிடிவாதம் என்பார்கள், எகிப்திய மொழியில் அன்புக்குரியவள் என்பாரும் உண்டு. பழைய காலத்தில் புனித ஜெரோம் அதைக் கடலின் துளி என்று விளக்கினார்: லத்தீனில் ஸ்டில்லா மாரிஸ். படியெடுத்தவர்கள் கையில் ஓர் எழுத்து மாறி ஸ்டெல்லா மாரிஸ் ஆயிற்று என்பதுதான் பொதுவாக ஏற்கப்பட்ட விளக்கம். அதாவது கடலின் விண்மீன். அந்தத் தவற்றின் மேல் எத்தனை பாடல்கள், எத்தனை ஆலயங்கள், எத்தனை கல்லூரிகள்! இணையம் வருவதற்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே நகலெடுப்பவர்கள் இந்த வேலையைப் பார்த்திருக்கிறார்கள்.

இதிலிருந்து ஒரு நல்ல அடையாளம் கிடைக்கிறது. "மூலம் உறுதியாகத் தெரியவில்லை" என்று சில பெயர்களுக்காவது எழுதியிருக்கும் புத்தகமோ தளமோ கிடைத்தால் அதைப் பத்திரப்படுத்தி வைத்துக்கொள்ளுங்கள். பத்தாயிரம் பெயருக்கும் தயங்காமல் பொருள் சொல்கிற இடத்தில் ஆராய்ச்சி நடந்திருக்க வாய்ப்பில்லை.

தமிழ்ப் பெயரா வடமொழிப் பெயரா என்ற கேள்விக்குள் ஆழமாகப் போக மாட்டேன். போனால் பதில் முடியாது. ஒன்று மட்டும்: அகராதிகளுக்கும் சார்பு உண்டு. இலக்கியா என்ற பெயரின் மூலமான இலக்கியத்தை லெக்சிகன் வடசொல் என்று காட்டும். தனித்தமிழ் அறிஞர் தேவநேயப் பாவாணர் வழி வந்தவர்கள் இலக்கு என்ற தமிழ்ச் சொல்லிலிருந்து விளக்குவார்கள். பாவாணரை இயக்குநராகக் கொண்டு 1974-ல் தொடங்கிய செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் அகரமுதலித் திட்டம் அந்தப் பார்வையில் எழுந்ததுதான். இரண்டையும் பார்த்துவிட்டு, எந்தப் பக்கம் சொல் முதலில் எங்கே வந்தது என்று காட்டுகிறது என்பதைக் கவனியுங்கள்.

அப்புறம், செயற்கை நுண்ணறிவுச் செயலிகளிடம் கேட்கலாமா? கேட்கலாம், ஆனால் பதிலாக அல்ல, துப்பாக எடுத்துக்கொள்ள வேண்டும். நான் மேலே குறை சொன்ன தளங்களையும் சேர்த்துப் படித்துத்தான் அவையும் வளர்ந்தன. "பொருள் என்ன" என்று கேட்காமல் "மூல எழுத்தில் எப்படி எழுதுவார்கள், எந்த அகராதியில் எந்தச் சொல்லின் கீழ் இருக்கிறது" என்று கேளுங்கள். பிறகு அந்த அகராதியை நீங்களே திறந்து பாருங்கள். அங்கே இல்லையென்றால் இல்லை.

உங்கள் பட்டியலுக்கு வருவோம். அக்கறை என்ற பொருளுக்காகத்தான் அனயா பிடித்திருக்கிறது என்றால் இனாயா என்றே எழுதி, அப்படியே கூப்பிடுங்கள். ஓசைக்காகத்தான் பிடித்திருக்கிறது என்றால், சமஸ்கிருதம் படித்த யாராவது ஒருநாள் புருவம் உயர்த்தக்கூடும் என்று தெரிந்தே வைக்கலாம். ஆரவ் பற்றிச் சொல்லிவிட்டேன்.

பாட்டியின் ஆதிரை? மூன்றில் சோதிக்கச் சுலபமானது அதுதான். ஆதிரா என்ற வடிவத்துக்கு மின்னல், பிரார்த்தனை என்றெல்லாம் தளங்களில் இருக்கிறது. இரண்டுக்கும் அகராதியில் ஆதாரம் இல்லை. லெக்சிகனில் ஆதிரை என்று தேடினால் திருவாதிரை விண்மீன் என்று வரும், 'ஆர்த்ரா' என்ற வடசொல்லிலிருந்து வந்ததாகக் காட்டும். வானத்தில் ஓரியன் கூட்டத்தில் சிவப்பாகத் தெரியும் பீட்டல்ஜூஸ் அது. பெயராக வழங்கியதா என்றால், மணிமேகலையின் அமுதசுரபியில் முதல் பிச்சை இட்டவள் பெயரே ஆதிரை. மொழி, எழுத்து, அகராதி, இலக்கியச் சான்று எல்லாம் ஒரே வரிசையில் வந்து நிற்கிற பெயர்கள் அதிகம் கிடையாது.

ஆர்த்ரா என்ற சொல்லுக்கு நேர்ப்பொருள் ஈரமானது. இந்த இடத்தில் எனக்கே கை துறுதுறுக்கிறது. தமிழில் ஈரம் என்றால் அன்பு என்றும் பொருள் உண்டே, "இன்சொலால் ஈரம் அளைஇ" என்று குறளிலேயே இருக்கிறதே, ஆகவே ஆதிரை என்றால் அன்புடையவள் என்று எழுதிவிடலாமா? எழுதினால் அடுத்த மாதம் பத்துத் தளங்களில் அது இருக்கும். ஆனால் அன்பு என்ற பொருள் தமிழ் ஈரத்துக்கு உரியது, வடமொழி ஆர்த்ராவை மொழிபெயர்த்த இடத்தில் நான் நுழைத்தது. பாட்டியிடம் சொல்லும்போது விண்மீனின் பெயர், மணிமேகலையில் வருகிற பெயர் என்று சொல்லுங்கள்.